கிட்னிக்கு ஏற்ற சிக்கன் சாலட்: வாங்கியதில் எது தேறியது, எது தேறவில்லை

முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நேரம் இல்லாதவர்கள் இந்தப் பத்தியோடு கிளம்பிவிடலாம். கிட்னி நோயாளிக்கு வீட்டில் சிக்கன் சாலட் செய்ய தெருமுனை பிராய்லர் கடையில் தோல் உரித்த நெஞ்சுக்கறி, 400 ரூபாய்க்குள் ஒரு டிஜிட்டல் தராசு, எலுமிச்சம்பழம், மிளகு, கெட்டித் தயிர், கொஞ்சம் காய். அவ்வளவுதான். 'லைட்', 'ஹெல்தி', 'லோ சோடியம்', 'டயட்' என்று முன்பக்கத்தில் கொட்டை எழுத்தில் போட்டு விற்கிற எதுவும் எங்கள் வீட்டில் தேறவில்லை. சிலது காசுக்குப் பிடித்த கேடு, ஒன்று உண்மையிலேயே ஆபத்து. ஏன் என்பதைக் கொஞ்சம் நீட்டித்தான் எழுதப் போகிறேன், ஏனென்றால் இந்த மாதிரி விஷயத்தைத் தேடி வருகிறவர்கள் பெரும்பாலும் ஒரு கையில் ரத்தப் பரிசோதனை ரிப்போர்ட்டும் இன்னொரு கையில் ஏதோ ஒரு பாக்கெட்டுமாக சூப்பர் மார்க்கெட்டில் நின்றுகொண்டு பொடி எழுத்தைப் படிக்க முயல்கிறவர்கள்.

சாப்பிடுகிறவர் என் அப்பா. ஊர் திருச்சி, வீடு உறையூர். எடை 60 கிலோ, சர்க்கரையும் பிரஷரும் பல வருஷப் பழக்கம், இப்போது ஈஜிஎஃப்ஆர், அதாவது கிட்னி எவ்வளவு வடிகட்டுகிறது என்று காட்டும் எண், முப்பதுகளில் நிற்கிறது. டயாலிசிஸ் இல்லை. ரத்தத்தில் பொட்டாசியம் மேல் வரம்பான 5-ஐத் தொட்டுத் தொட்டுப் போகிறது, பிரஷருக்கு எடுக்கிற டெல்மிசார்ட்டான் அதைக் கொஞ்சம் ஏற்றிவிடும் என்பதால் டாக்டர் அதில் கண்ணாக இருக்கிறார். டயட்டீஷியன் எழுதிக் கொடுத்த தாளில் மூன்று விஷயம்தான் முக்கியம்: புரதம் கிலோவுக்கு 0.8 கிராம், ஆக நாளுக்கு 48 கிராம். உப்பு எல்லாம் சேர்த்து 5 கிராமுக்குள், அதாவது சோடியம் 2 கிராமுக்குள். பொட்டாசியம் குறைவான காய்கள். சர்வதேச சிறுநீரக வழிகாட்டியான கேடிகோ 2024-இல் சொல்வதும் புரதத்திலும் உப்பிலும் இதே அளவுதான். பொட்டாசியம் மட்டும் ஆளுக்கு ஆள் மாறும், ரத்தத்தில் ஏறாதவர்கள் எல்லாக் காயையும் ஒதுக்க வேண்டியதில்லை. அதனால் கீழே நான் எழுதுவதை அப்படியே எடுத்துக்கொள்ளாமல் உங்கள் டாக்டர் கொடுத்த தாளோடு வைத்துப் பாருங்கள்.

கிட்னி என்றாலே கறியை நிறுத்து என்று சொந்தக்காரர்கள் சொல்வார்கள். நிறுத்தினால் ஆள் சதை வற்றிப்போவார், அதுவும் கெடுதல்தான். கறி சாப்பிடலாம், அளந்து சாப்பிட வேண்டும். அளப்பதற்கு சாலட் மாதிரி வசதியானது வேறு இல்லை. ஒரு சட்டி கோழிக்குழம்பில் எவ்வளவு உப்பு போனது, அதில் இவர் தட்டுக்கு எவ்வளவு வந்தது என்று சமைத்தவராலும் சொல்ல முடியாது. சாலட்டில் ஒவ்வொன்றும் தனியாகத் தராசில் ஏறி இறங்குகிறது. நாங்கள் இதைப் பிடித்துக்கொண்டதற்கு ருசி காரணம் இல்லை, கணக்குதான் காரணம். ருசி அப்புறம் வந்தது.

முதலில் வெளியே வாங்கியதைப் பற்றி. ஆப்பில் ஆர்டர் எடுக்கிற ஒரு கிச்சன், பெயர் வேண்டாம், 'கிட்னி கேர் சிக்கன் சாலட்' என்று 300 ரூபாய்க்கு மேல் போட்டிருந்தது. டப்பா அழகு. மூடியைத் திறந்தால் அடியில் பச்சைப் பசலை இலை, அதன் மேல் தக்காளி வட்டம், பட்டர்ஃப்ரூட் துண்டு, வேகவைத்த பீட்ரூட், மேலே சீவிய பாதாம், கரி வரி விழுந்த சிக்கன், ஓரத்தில் குட்டிக் கிண்ணத்தில் சாஸ். சாதாரண ஆளுக்கு இது முதல் தரமான சாப்பாடு, நானே ரசித்துச் சாப்பிட்டேன். ஆனால் கிட்னிக்கு? பட்டர்ஃப்ரூட்டில் 100 கிராமுக்கு ஏறக்குறைய 485 மில்லிகிராம் பொட்டாசியம், பச்சைப் பசலையில் 550-க்கு மேல், பாதாமில் 700-ஐத் தாண்டும், பீட்ரூட் 300 பக்கம். கிட்னி டயட்டில் குறைக்கச் சொல்கிற பட்டியலை அப்படியே எடுத்து ஒரு டப்பாவில் அடுக்கிவிட்டு மேலே கிட்னி என்று பெயர் ஒட்டியிருக்கிறார்கள். போன் போட்டு இதில் பொட்டாசியம் எவ்வளவு என்று கேட்டேன். "சார், எங்ககிட்ட எல்லாமே ஆர்கானிக் சார்" என்று பதில் வந்தது. ஆர்கானிக் பசலையிலும் பொட்டாசியம் அதேதான் தம்பி என்று சொல்லலாம் என்று நினைத்தேன், பாவம், போன் எடுக்கிற பையனிடம் சொல்லி என்ன ஆகப் போகிறது. மதிப்பெண் ஐந்துக்கு ஒன்று, அதுவும் டப்பாவுக்கு.

இனி கறி. இதில்தான் நிறைய சொல்ல இருக்கிறது.

கடைகளில் மூன்று விதமாகக் கிடைக்கிறது. ஒன்று, ஏற்கெனவே மசாலா தடவிய, 'ரெடி டு குக்' உறைந்த சிக்கன், நக்கெட், சாசேஜ், சலாமி வகையறா. இரண்டு, ஆப்பில் வருகிற, டிரேயில் சீல் போட்ட வெறும் போன்லெஸ். மூன்று, கறிக்கடையில் கண்ணெதிரே வெட்டித் தருவது.

முதல் வகையைக் கையில் எடுக்கவே எடுக்காதீர்கள். நான் திருப்பிப் பார்த்த பாக்கெட்டுகளில் 100 கிராமுக்கு 500 மில்லிகிராம் சோடியம் சர்வ சாதாரணமாக இருந்தது. ஒன்றும் சேர்க்காத கோழிக்கறியில் 60, 70 மில்லிகிராம்தான் இருக்கும். சோடியமாவது அச்சிட்டிருக்கிறது, பார்த்து ஒதுக்கிவிடலாம். பெரிய தலைவலி பாஸ்பேட். கறி தண்ணீரை விடாமல் மெதுமெதுவென்று இருக்க பாஸ்பேட் உப்புகள் சேர்ப்பார்கள், பாக்கெட்டில் ஐஎன்எஸ் 450, 451, 452 என்று எண்ணாக இருக்கும். கறியில் இயற்கையாக இருக்கும் பாஸ்பரஸில் பாதி அளவுதான் உடம்பில் சேரும், இப்படிச் சேர்த்த பாஸ்பேட் 90 சதவீதத்துக்கு மேல் உறிஞ்சப்படும். கெட்டுப்போன கிட்னியால் அதைச் சரியாக வெளியேற்ற முடியாது, எலும்பையும் ரத்தக் குழாயையும் பிடித்துக்கொள்ளும். நம் நாட்டு லேபிள் விதிப்படி சோடியம் எவ்வளவு என்று கட்டாயம் அச்சிட வேண்டும், பொட்டாசியத்துக்கும் பாஸ்பரஸுக்கும் அந்தக் கட்டாயம் இல்லை. கிட்னி நோயாளிக்குத் தெரிய வேண்டிய மூன்றில் இரண்டு பாக்கெட்டில் இருக்காது என்று அர்த்தம். அதனால் நான் வைத்துக்கொண்ட வழி, மூலப்பொருள் வரியில் கோழிக்கறியைத் தவிர வேறு ஏதாவது ஒரு சொல் இருந்தால் திரும்ப ஃப்ரீசரில் வைத்துவிடுவது.

ஆப்பில் வரும் வெறும் போன்லெஸ் நன்றாகத்தான் இருக்கிறது. சுத்தம், எடை சரி, கொழுப்பு நறுக்கி எடுத்திருக்கிறது. குறை என்றால் விலை, அப்புறம் அரை கிலோ டிரேதான் சுலபமாகக் கிடைக்கிறது. எங்களுக்கு ஒரு வேளைக்கு வேண்டியது 85 கிராம் பச்சைக் கறி. மீதியை ஃப்ரீசரில் பகுதி பகுதியாகப் போடலாம், ஆனால் எங்கள் தெருவில் மின்சாரம் போகிற லட்சணத்துக்கு, நோய் எதிர்ப்பு குறைந்த ஆளுக்கு உருகி உறைந்த கறியைக் கொடுக்க எனக்கு மனசு இல்லை.

ஆக, தெருமுனைக் கடை. பாயிடம் தோல் இல்லாமல் நெஞ்சுக்கறி மட்டும் கொஞ்சம் என்றதும் கத்தியை வைத்துவிட்டு ஒரு பார்வை பார்த்தார்.

"தம்பி, அது வறவறன்னு இருக்குமே. லெக் பீஸ் ரெண்டு சேத்துப் போடவா?"

"இல்ல பாய், அப்பாவுக்கு. கிட்னிக்கு அளவா குடுக்கணும்."

"அப்ப ஈரல் தரேன், அது உடம்புக்கு நல்லது. காசு வேணாம்."

ஈரலில் பாஸ்பரஸ் கறியைவிட ரொம்ப அதிகம் என்று அவருக்குத் தெரிய நியாயம் இல்லை. அன்பாகத்தான் சொன்னார். இப்போது நான் போனாலே அவராகவே நெஞ்சுப் பக்கத்தில் நீளவாக்கில் ஒரு துண்டு எடுத்து, வெள்ளை நரம்பை உருவி, தராசில் போட்டுக் காட்டிவிட்டுக் கட்டித் தருகிறார். அரைத் துண்டு கறிக்காக முகம் சுளிக்காத கடை கிடைப்பது பெரிய விஷயம். ஐந்துக்கு ஐந்து. உங்கள் ஊரிலும் இப்படி ஒரு கடை இருக்கும், காலையில் கூட்டம் இல்லாத நேரம் பார்த்துப் போய்ப் பழக்கம் பிடித்துக்கொள்ளுங்கள்.

வீட்டுக்கு வந்ததும் மஞ்சளோடு கல் உப்பும் போட்டு அலசுகிற பழக்கம் நம்மில் நிறையப் பேருக்கு உண்டு, அந்த உப்பை மட்டும் விட்டுவிடுங்கள், மஞ்சள் போதும். பிறகு கறியைச் சின்னத் துண்டாக நறுக்கி, முங்குகிற அளவைவிட இரண்டு பங்கு கூடுதலாகத் தண்ணீர் வைத்து, இரண்டு பல் பூண்டு, ஒரு துண்டு இஞ்சி, நாலு மிளகு போட்டு, மூடாத பாத்திரத்தில் வேகவைக்கிறேன். குக்கர் வேண்டாம், விசில் ஒன்று கூடினாலும் நெஞ்சுக்கறி நாராகிவிடும். வெந்ததும் தண்ணீரை வடித்துவிட வேண்டும். இதற்குக் காரணம் இருக்கிறது. அமெரிக்க வேளாண் துறையின் உணவுப் பட்டியலில் சுட்ட நெஞ்சுக்கறி 100 கிராமில் பொட்டாசியம் 256 மில்லிகிராம், பாஸ்பரஸ் 228. தண்ணீரில் வேகவைத்ததில் 187, 165. அந்த வித்தியாசம் முழுக்க எங்கே போயிருக்கும்? பெரும்பாலும் தண்ணீரில்தான். கிரில் செய்வது ஆரோக்கியம், வேகவைப்பது ஆஸ்பத்திரிச் சாப்பாடு என்று நினைப்பவர்களுக்கு, கிட்னி விஷயத்தில் ஆஸ்பத்திரிச் சாப்பாடுதான் ஜெயிக்கிறது.

ஆனால் அந்தத் தண்ணீரை வடித்து ஊற்றுவது எங்கள் வீட்டில் லேசான காரியமாக இல்லை. அம்மா குறுக்கே நின்றார். "சத்தெல்லாம் அதுலதானடா இருக்கு, மிளகு தட்டிப் போட்டு சூப்பா குடுத்தா அப்பாவுக்குத் தெம்பா இருக்கும்." காய்ச்சலுக்குக் கோழி ரசம், பிரசவத்துக்கு நாட்டுக்கோழி, எலும்பு முறிந்தால் ஆட்டுக்கால் சூப் என்று பழகிய வீட்டில், சத்து என்று எல்லோரும் சொல்கிற அந்தத் தெளிந்த தண்ணீர்தான் இவருக்கு ஆகாதது என்று புரியவைக்க எந்த ரிப்போர்ட்டும் உதவவில்லை. கடைசியில் சமரசம், அந்தத் தண்ணீரில் என் பையனுக்கு சேமியா சூப் ஆகிறது. வீணாகவில்லை என்பதில் அம்மாவுக்குத் திருப்தி. அப்பா மட்டும் பேரன் கிண்ணத்தை எட்டிப் பார்ப்பார்.

அடுத்தது உப்பு. இதைக் கவனமாகப் படியுங்கள்.

சித்தி ஊரிலிருந்து வரும்போது ஆசையாக இரண்டு பாக்கெட் வாங்கிவந்தார், ஒன்று லோ சோடியம் உப்பு, இன்னொன்று இளஞ்சிவப்பு இந்துப்பு. "மாமாவுக்கு உப்பு ஆகாதுன்னீங்களே, இது சோடியம் கம்மி."

லோ சோடியம் உப்பில் சோடியம் குறைவு என்பது உண்மைதான். குறைத்த இடத்தில் என்ன போட்டிருக்கிறார்கள்? பொட்டாசியம் குளோரைடு. பிரஷர் மட்டும் இருக்கிற, கிட்னி நன்றாக இருக்கிற ஆளுக்கு அது நல்ல மாற்று. உலக சுகாதார நிறுவனம் 2025 ஜனவரியில் வெளியிட்ட வழிகாட்டியே இந்த வகை உப்புக்கு மாறலாம் என்று சொல்கிறது, கூடவே கிட்னி பாதித்தவர்களுக்கு இந்தப் பரிந்துரை பொருந்தாது என்றும் தனியாகச் சொல்கிறது. பொட்டாசியத்தை வெளியேற்ற முடியாத உடம்பில் அது ஏறினால் இதயத் துடிப்பு தாறுமாறாகும், சில நேரம் எந்த அறிகுறியும் காட்டாமலே. எங்கள் வீட்டுக்கு வந்த பாக்கெட்டில் முன்பக்கம் ஒரு இதயப் படம், பெரிய எழுத்தில் சோடியம் குறைவு. பொட்டாசியம் கட்டுப்பாட்டில் இருப்பவர்கள் டாக்டரைக் கேட்கவும் என்ற வரி பின்பக்கத்தில், மடிப்புக்குக் கீழே, அப்பா கண்ணாடி போட்டாலும் படிக்க முடியாத அளவில். பொருள் மோசம் என்று சொல்லமாட்டேன், பொருள் அவருக்கானது இல்லை, ஆனால் அதை வாங்க ஆசைப்படுகிறவர்களில் பாதிப்பேர் அவர் மாதிரி ஆட்கள்தான். மதிப்பெண் போட விருப்பமில்லை. கிட்னி நோயாளி இருக்கிற வீட்டின் அஞ்சறைப் பெட்டிப் பக்கமே அது வரக்கூடாது.

இந்துப்பு இன்னொரு கதை. விலை நாலைந்து மடங்கு, நிறம் அழகு. உள்ளே இருப்பது 97 சதவீதத்துக்கு மேல் அதே சோடியம் குளோரைடு. தாதுக்கள் நிறைய என்று சொல்வார்கள், ஒரு சிட்டிகை உப்பில் எத்தனை தாது வந்துவிடும்? விஷம் ஒன்றும் இல்லை, சாதாரண உப்பு மாதிரியே அளந்து போட வேண்டியதுதான். "இது இந்துப்புதானே" என்று கூடுதலாக ஒரு சிட்டிகை விழுவதுதான் அதன் ஆபத்து. அப்புறம் அதில் பெரும்பாலும் அயோடின் சேர்த்திருக்காது என்பதையும் நினைவில் வையுங்கள். எங்கள் வீட்டில் இப்போது பழைய அயோடின் தூள் உப்புதான், தனி டப்பாவில், தனி ஸ்பூனோடு.

ஒரு டீஸ்பூன் தூள் உப்பு ஏறக்குறைய 6 கிராம், சோடியம் 2300 மில்லிகிராமைத் தொடும், அதாவது ஒரு நாள் கணக்கையே தாண்டிவிடும். சாலட்டுக்கு நான் போடுவது அரை கிராம், ஒரு சின்னச் சிட்டிகை, சோடியம் 200-க்குள். அதையும் கலக்கும்போது போடுவதில்லை, பரிமாறும்போது மேலே தூவுகிறேன். கலந்துவிட்டால் காய்க்குள் போய்த் தண்ணீர் விட்டு மறைந்துவிடும், மேலே தூவினால் முதல் வாயிலேயே நாக்கில் படும். அரை கிராமுக்கு இது பெரிய வித்தியாசம்.

மயோனைஸ். சிக்கன் சாலட் என்றால் மயோனைஸ்தான் என்று இணையத்தில் எல்லா வீடியோவிலும் கொட்டுகிறார்கள். வெளியே வாங்கும் முட்டை மயோனைஸ் பேச்சே வேண்டாம், பச்சை முட்டையில் செய்த மயோனைஸைத் தமிழக அரசே 2025 ஏப்ரல் 8 முதல் ஓராண்டுக்குத் தடை செய்தது, சால்மொனெல்லா மாதிரி கிருமிகளுக்குப் பயந்து. எதிர்ப்புச் சக்தி குறைந்த ஆளுக்கு அந்தப் பயம் இரட்டிப்பு. பாட்டிலில் வரும் முட்டையில்லா மயோனைஸ் பாதுகாப்பு, ஆனால் 100 கிராமுக்கு 600 மில்லிகிராமுக்குக் குறைவாகச் சோடியம் இருந்த பாட்டிலை நான் அபூர்வமாகத்தான் பார்த்தேன். நியாயமாகச் சொன்னால் இரண்டு ஸ்பூன் என்பது 30 கிராம், 200 மில்லிகிராம் பக்கம் வரும், உலகம் அழிந்துவிடாது. ஆனால் அந்த 200-ஐ மயோனைஸுக்குக் கொடுத்தால் தூவுகிற உப்புக்கு ஒன்றும் மிஞ்சாது. எனக்கு உப்புதான் முக்கியமாகப் பட்டது. சோயா சாஸ் பக்கம் போகவே வேண்டாம், ஒரு மேசைக்கரண்டியில் 900 மில்லிகிராம் பக்கம் சோடியம், சாலட் டிரெஸ்ஸிங் என்று யாராவது அதை ஊற்றச் சொன்னால் வீடியோவை நிறுத்திவிடுங்கள்.

மாற்றாக, கெட்டித் தயிரை மெல்லிய துணியில் கட்டி ஒரு மணி நேரம் தொங்கவிட்டால் மயோனைஸ் பதத்துக்கு வந்துவிடும். அதில் இரண்டு மேசைக்கரண்டி, ஒரு டீஸ்பூன் நல்ல எண்ணெய், எலுமிச்சைச் சாறு. கடைத் தயிரைவிட வீட்டில் உறை ஊற்றியது இதற்குப் பொருந்துகிறது, கொஞ்சம் புளிப்பு ஏறினால் உப்பின் குறை தெரியாது.

தராசைப் பற்றி. பிளாஸ்டிக் தட்டு, கண்ணாடி மேல்தளம் என்று இரண்டு வகை, வேலை ஒன்றுதான். 5 கிலோ வரை, ஒரு கிராம் துல்லியம் என்று போட்டிருக்கும். கிண்ணத்தை வைத்து பூஜ்யம் ஆக்குகிற பொத்தான் இருப்பதைப் பார்த்து வாங்குங்கள், அது இல்லாமல் சாலட்டுக்கு உபயோகமில்லை. கிண்ணம் வைத்து பூஜ்யம், கறி 60, பூஜ்யம், முட்டைக்கோஸ் 40, பூஜ்யம், வெள்ளரி 40 என்று ஒரே பாத்திரத்தில் போய்க்கொண்டே இருக்கலாம். எங்களுடையதில் இரண்டு குறை. கறியைப் பிய்த்துக்கொண்டே நிற்கும்போது தானாக அணைந்துவிடும், ஈரக் கையோடு மறுபடி பொத்தானை அழுத்தினால் கிண்ணத்தையும் கறியையும் சேர்த்து பூஜ்யம் காட்டும். இன்னொன்று, அரை கிராம் உப்பை அதால் அளக்க முடியாது, சிட்டிகையைத் தூவினால் எண் அசையவே அசையாது. அதற்கு நான் 5 கிராம் உப்பை நிறுத்து எடுத்துப் பத்துச் சமக் குவியலாகப் பேப்பரில் பிரித்து ஒரு குவியல் எப்படி இருக்கும் என்று கண்ணில் பதிய வைத்துக்கொண்டேன். நாலு மதிப்பெண். இவ்வளவு பேசிய பொருட்களில் கிட்னிக்காகத் தனியாகக் காசு கொடுத்து வாங்கத் தகுந்தது இது ஒன்றுதான்.

காய்களைப் பற்றிச் சுருக்கமாக. வெள்ளரி, முட்டைக்கோஸ், வெங்காயம், பச்சைக் குடைமிளகாய், ஆப்பிள் எல்லாம் 100 கிராமுக்கு 110-லிருந்து 180 மில்லிகிராம் பொட்டாசியத்துக்குள் அடங்குகிறவை. கேரட் 300-ஐத் தாண்டும், நிறத்துக்கு ஒரு சீவல் போதும். தக்காளியின் கணக்கு 237, வேண்டுமென்றால் ஒரு வட்டம். கொத்தமல்லி இலையில் 500-க்கு மேல், ஆனால் நாம் போடுவதே மூன்று கிராம், பயப்பட வேண்டாம். காந்தி மார்க்கெட்டில் சில சமயம் நட்சத்திரப் பழம் கண்ணில் படும், சாலட்டுக்கு அழகாக இருக்கும் என்று வாங்கிவிடாதீர்கள், கிட்னி நோயாளிக்கு அது நரம்பைத் தாக்கும் நஞ்சு, விக்கலில் ஆரம்பித்து வலிப்பு வரை கொண்டுபோகும்.

செய்முறை என்று தனியாகப் பெரிதாக ஒன்றும் இல்லை. முட்டைக்கோஸை முடி மாதிரி மெலிதாகச் சீவி, கொதிக்கிற தண்ணீரில் ஒரு நிமிஷம் போட்டு வடித்து, கையில் அழுத்திப் பிழிந்துவிட வேண்டும். பொட்டாசியமும் கொஞ்சம் இறங்கும், பச்சை வாடையும் போகும். வெள்ளரியை நீளவாக்கில் பிளந்து விதையை ஸ்பூனால் வழித்துவிட்டு நறுக்குங்கள், இல்லாவிட்டால் பத்து நிமிஷத்தில் சாலட் நீச்சல் அடிக்கும். ஆப்பிள் கால் பழம், எலுமிச்சைச் சாறு தடவி. வெங்காயம் 20 கிராம், பொடியாக. ஆறிய கறியை நறுக்காமல் விரலால் நார் நாராகப் பிய்த்துப் போடுங்கள், தயிர் அதன் இடுக்குகளில் பிடித்துக்கொள்ளும், சதுரத் துண்டாக வெட்டினால் வழுக்கிக் கீழே தங்கிவிடும்.

இதற்கு மேல் ஒரு வேலை செய்கிறேன், எந்த வெளிநாட்டு செய்முறையிலும் இல்லாதது. சின்னக் கரண்டியில் ஒரு டீஸ்பூன் எண்ணெய் காயவைத்து, கடுகு வெடித்ததும் கறிவேப்பிலை, கீறிய பச்சை மிளகாய், பெருங்காயம் போட்டு அப்படியே சாலட்டின் மேல் கொட்டிவிடுகிறேன். தயிரில் அந்தச் சூடு படும் சத்தத்திலேயே அப்பா கூடத்திலிருந்து எழுந்து வந்துவிடுவார். கடைசியில் வறுத்துப் பொடித்த சீரகமும் அப்போதே இடித்த மிளகும். பாக்கெட் மிளகுத்தூளில் காரம் இருக்கிறது, வாசம் இல்லை. உப்பு இல்லாத சாப்பாட்டில் வாசம் பாதி வேலையைச் செய்ய வேண்டும்.

கணக்கைக் கூட்டினால், 60 கிராம் வெந்த கறியோடு ஒரு கிண்ணத்துக்குப் புரதம் 19 கிராம் பக்கம், பொட்டாசியம் 350 மில்லிகிராம் பக்கம், பாஸ்பரஸ் 160 பக்கம், தூவிய உப்போடு சோடியம் 260 பக்கம் வருகிறது. அப்பாவின் ஒரு நாள் புரதத்தில் ஐந்தில் இரண்டு பங்கு இதிலேயே போய்விடும், ஆகவே அன்றைக்குப் பருப்பு, முட்டை எல்லாம் அதற்கேற்றபடி குறையும். இரவில் செய்வதில்லை, மதியம்தான். மிச்சம் வைப்பதும் இல்லை, ஒரு கிண்ணத்துக்கு மட்டும் செய்தால் மிச்சம் என்ற பேச்சே வராது.

ருசி? முதல் சில தடவை அப்பா ஒன்றும் சொல்லாமல் சாப்பிட்டு எழுந்தார், எங்கள் வீட்டில் அது நல்ல சகுனம் இல்லை. தாளிப்பு வந்த பிறகு "மிளகாய் இன்னொண்ணு போடலாமே" என்று கேட்டார், அங்கிருந்து சரியாகிவிட்டது. கோழி வறுவலோடு போட்டி போடுமா என்றால் போடாது. வேகவைத்த பிராய்லர் நெஞ்சுக்கறிக்கென்று ஒரு மந்தமான தன்மை உண்டு, எலுமிச்சையும் கடுகும் அதை மூடுகின்றன, மாற்றுவதில்லை.

டயாலிசிஸில் இருப்பவர்களுக்கு இந்த அளவு பொருந்தாது என்பதை அழுத்திச் சொல்ல வேண்டும். டயாலிசிஸில் புரதம் வெளியேறிவிடும் என்பதால் அவர்களுக்கு கிலோவுக்கு 1 முதல் 1.2 கிராம் வரை தேவைப்படும், அதே 60 கிலோ ஆளுக்கு 72 கிராம் வரை. அவர்களுக்குக் கறி 90, 100 கிராம் வரை போகலாம், பொட்டாசியமும் பாஸ்பரஸும் மட்டும் இன்னும் இறுக்கிப் பிடிக்க வேண்டியிருக்கும். அவர்களுடைய டயட்டீஷியன்தான் அளவு சொல்ல வேண்டும்.

பிரெட்டுக்குள் வைத்துத் தரச் சொல்லி அப்பா கேட்டுக்கொண்டிருக்கிறார். ஒரு ஸ்லைஸ் பிரெட்டிலேயே 100-லிருந்து 150 மில்லிகிராம் சோடியம் இருக்கிறது, இரண்டு ஸ்லைஸ் என்றால் சாலட்டில் மிச்சம் பிடித்ததெல்லாம் போய்விடும். அதனால் அம்மா தோசை மாவில் உப்பு போடுவதற்கு முன்பே ஒரு கரண்டி தனியாக எடுத்துப் புளிக்க வைத்து, அதில் மெலிதாக ஒரு தோசை வார்த்துக் கொடுக்கிறார், நான் சாலட்டை உள்ளே வைத்துச் சுருட்டிவிடுகிறேன். உப்பில்லாத தோசை தனியாகச் சாப்பிட்டால் சப்பென்றுதான் இருக்கும், இந்தத் தாளித்த தயிரும் மிளகும் உள்ளே இருக்கும்போது ஓடிவிடுகிறது.